ராட் செர்லிங் பின்வாங்கினாரா, கொல்லை வழியாக உள்ளே வந்தாரா?

கரிசல்வாசி

போன வாரம் முழுக்க இரவு பதினொரு மணிக்குமேல் எனக்கு ஒரே வேலைதான். அமெரிக்க எழுத்தாளர் ராட் செர்லிங் எழுதிய பழைய தொலைக்காட்சி நாடகங்களை ஒவ்வொன்றாகத் தேடிப் பார்த்துக்கொண்டிருந்தேன். ‘ட்வைலைட் சோன்’ தொடரை இங்கே பலரும் பார்த்திருப்பீர்கள். நான் பார்த்தவை அதற்கு முந்தியவை. தொலைக்காட்சித் திரைக்கு எதிரே ஃபிலிம் கேமராவை நிறுத்திப் பிடித்துவைத்த மங்கலான பிரதிகள். எல்லாம் நேரடி ஒளிபரப்பு. நடிகர் வசனத்தில் தடுக்கினால் தடுக்கியதுதான். இரண்டாவது டேக் கிடையாது.

முதலில் ‘பேட்டர்ன்ஸ்’ பார்த்தேன். ஒரு பெரிய நிறுவனத்தின் நிர்வாகக் கூட்டம். முதலாளிக்கு ஒரு மூத்த அதிகாரியைப் பிடிக்கவில்லை. ஆனால் வேலையைவிட்டு நீக்கவும் மாட்டார். அவராகவே எழுதிக்கொடுத்துவிட்டுப் போகும்வரை எல்லாருக்கும் முன்னால் வைத்துக் குத்திக்கொண்டே இருப்பார். அந்த நாற்காலிக்காக அழைத்துவரப்பட்ட இளைஞன் இதைப் பக்கத்திலிருந்து பார்க்கிறான். இதில் கொலை இல்லை, துரத்தல் இல்லை, காதலும் இல்லை. மேசையைச் சுற்றி உட்கார்ந்து பேசுகிறார்கள், அவ்வளவுதான். எனக்கு என்னவோ வயிற்றைப் பிசைந்தது. அந்த மேசையில் நானும் உட்கார்ந்திருக்கிறேன்.

அது 1955 ஜனவரி 12 அன்று என்.பி.சி. தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது. மறுநாள் முதல் பத்திரிகைகள் கொண்டாடிவிட்டன. ஒளிப்பதிவு நாடா வராத காலம், கேட்டவுடன் மறுஒளிபரப்புச் செய்ய வழியில்லை. அதனால் நான்கே வாரத்தில், பிப்ரவரி 9 அன்று, நடிகர்களைத் திரும்பக் கூட்டி முழு நாடகத்தையும் இன்னொருமுறை நேரடியாக நடித்தார்கள். செர்லிங்குக்கு அப்போது 30 வயது.

அடுத்த ஆண்டு ‘ரெக்வியம் ஃபார் எ ஹெவிவெயிட்’. ஓய்ந்துபோன ஒரு குத்துச்சண்டைக்காரனின் கதை, ஜாக் பேலன்ஸ் நடித்தது. செர்லிங் ராணுவத்தில் இருந்தபோது தானே குத்துச்சண்டை போட்டு மூக்கை உடைத்துக்கொண்டவர். அது எழுத்தில் தெரிகிறது. மறு ஆண்டு லண்டனில் பி.பி.சி. இதையே தயாரித்தபோது அந்த வேடத்தில் நடித்தவர், அப்போது யாருக்கும் தெரியாத ஷான் கானரி.

இப்போது என் கேள்விக்கு வருகிறேன். இப்படி நிஜ மனிதர்களை நிஜ அறைக்குள் வைத்து எழுதிக்கொண்டிருந்தவர், 1959-இல் திடீரென்று ‘ட்வைலைட் சோன்’ தொடரில் செவ்வாய்க் கிரகம், பேசும் பொம்மை, காலப் பயணம் என்று போய்விட்டார். அந்தத் தொடர் தொடங்குவதற்குச் சில நாட்களுக்கு முன்னால் மைக் வாலஸ் அவரைப் பேட்டி கண்டார். இனித் தொலைக்காட்சிக்கு முக்கியமான எதையும் எழுதப்போவதில்லை என்று முடிவுசெய்துவிட்டீர்களா என்ற பொருளில் முகத்துக்கு நேராகவே கேட்டார். அந்தக் கேள்வி எனக்குள்ளும் ஓடிக்கொண்டிருக்கிறது. செர்லிங் பின்வாங்கினாரா? வாசலில் விடாததால் கொல்லை வழியாக உள்ளே வந்தாரா?

மூன்றாம்வரிசை

முதலில் கொஞ்சம் தண்ணீர் ஊற்றிவிடுகிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள்.

செர்லிங் நல்ல எழுத்தாளர். பெரிய எழுத்தாளர் இல்லை. அவருடைய பாத்திரங்கள் எல்லாம் ஒரே வாயால் பேசுகின்றன. கடைக்காரரும் பேராசிரியரும் விண்வெளி வீரரும் மூச்சுவிடாமல் முழங்குவார்கள். மேடைப் பேச்சைத் துண்டு துண்டாக வெட்டி ஆளுக்கொன்று கொடுத்த மாதிரி இருக்கும். அதே தொடரில் எழுதிய ரிச்சர்ட் மேத்சன், சார்லஸ் போமான்ட் இருவரின் எபிசோடுகளையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அவர்கள் பயமுறுத்துவார்கள், செர்லிங் பாடம் நடத்துவார்.

இரண்டாவது, கொல்லை வழி என்பதெல்லாம் பின்னால் வந்த ரசிகர்கள் கட்டிய கதை. மனிதர் சொந்தமாக நிறுவனம் தொடங்கினார், ‘கயூகா புரொடக்‌ஷன்ஸ்’ என்று, கோடையில் குடும்பத்தோடு தங்கும் ஏரியின் பெயரை வைத்து. தொடரில் பங்கு, முகம் தெரியும் புகழ், கைநிறையப் பணம். இதில் புரட்சி எங்கே இருக்கிறது?

கரிசல்வாசி

ஒரே வாயால் பேசுகிறார்கள் என்பதை ஒப்புக்கொள்கிறேன். 156 எபிசோடுகளில் 92 அவர் எழுதியது. ஐந்து ஆண்டுகளில் 92! பெரும்பகுதியைத் தட்டச்சுகூடச் செய்யவில்லை, ஒலிப்பதிவுக் கருவியில் வாயால் சொல்லிக்கொண்டே போனார். அப்படியென்றால் முழக்கம் வரத்தானே செய்யும்?

புரட்சி எங்கே என்றீர்கள். முதல் பதிவிலேயே எழுதியிருக்க வேண்டியது, நீளம் கருதி விட்டுவிட்டேன். கேளுங்கள்.

1955 ஆகஸ்டில் மிசிசிப்பியில் எம்மெட் டில் என்ற 14 வயதுக் கறுப்பினச் சிறுவனைக் கொன்றார்கள். சிகாகோவிலிருந்து உறவினர் வீட்டுக்கு வந்திருந்த பையன். குற்றம் சாட்டப்பட்ட இரண்டு வெள்ளையர்களையும் வெள்ளையர் மட்டுமே இருந்த ஜூரி விடுவித்தது. சில மாதங்களில் அதே இருவரும் ஒரு பத்திரிகையிடம் காசு வாங்கிக்கொண்டு, ஆமாம், நாங்கள்தான் கொன்றோம் என்று சொன்னார்கள்.

இதை வைத்து எழுத நினைத்தார் செர்லிங். நேரடியாக எழுதினால் விடமாட்டார்கள் என்று தெரியும். ஆகவே தானாகவே முன்கூட்டிக் கத்தரித்துக்கொண்டு, கொல்லப்படுபவரை வயதான யூத அடகுக்கடைக்காரராக ஆக்கினார். ‘நூன் ஆன் டூம்ஸ்டே’ என்று பெயர். நிகழ்ச்சியின் விளம்பரதாரர் யு.எஸ். ஸ்டீல். இது டில் வழக்கா என்று பத்திரிகையாளர் கேட்டபோது செர்லிங் மறுக்கவில்லை. செய்தி தெற்கே போனதும் வெள்ளையர் அமைப்புகள், பொருளை வாங்கமாட்டோம் என்று கடிதம் எழுதத் தொடங்கின. எஃகுக் கம்பெனியின் பொருளைக் குடும்பத்தலைவி எப்படிப் புறக்கணிப்பாள் என்று எனக்குப் புரியவில்லை. பயம் வந்துவிட்டால் கணக்கு எங்கே நிற்கிறது!

பிறகு நடந்தது வெட்டுக்குத்து. கொல்லப்பட்டவர் யூதர் இல்லை, யாரோ ஒரு வெளிநாட்டுக்காரர். ஊர் தெற்கில் இல்லை, வடகிழக்கு மூலையில் நியூ இங்கிலாந்தில். கொலைகாரன் நல்ல பையன்தான், ஒரு கணம் தடுமாறிவிட்டான். இவ்வளவும் செய்த பிறகு அரங்கில் கிடந்த கோகோ கோலா பாட்டிலையும் எடுத்துவிட்டார்கள். அது தெற்கத்திய பானமாம், பார்ப்பவருக்கு ஊர் நினைவுக்கு வந்துவிடுமாம்.

1958-இல் மறுபடி முயன்றார், ‘எ டவுன் ஹேஸ் டர்ன்ட் டு டஸ்ட்’. இந்தமுறை கதை 1870-களுக்குப் போனது, பையன் மெக்சிகன் ஆனான். இரண்டுமுறை சூடுபட்டவர் மூன்றாவது முறை வேறு பாதை தேடியதைக் கோழைத்தனம் என்பீர்களா?

வசனக்காரர்

இந்த இழையைப் படித்துவிட்டுப் பேசாமல் போகமுடியவில்லை. பதினோரு ஆண்டுகளாக மெகாத்தொடர்களுக்கு வசனம் எழுதுகிறேன். பெயர் வேண்டாம், தொலைக்காட்சியின் பெயரும் வேண்டாம். நாளைக்கும் அங்கேதான் போய் நிற்க வேண்டும்.

கோகோ கோலா பாட்டில் என்றதும் சிரித்துவிட்டேன். எனக்கும் ஒரு பாட்டில் உண்டு, என்னுடையது பொட்டலம். ஒரு தொடரில் குழந்தை தினமும் கடையில் வாங்கிய காரப் பொட்டலத்தைத் தின்று வயிற்றுவலியில் விழுகிறது. மாமியாரும் மருமகளும் முதன்முறையாகச் சண்டையை மறந்து மருத்துவமனை வாசலில் ஒரே பெஞ்சில் உட்காருகிறார்கள். அந்தத் தொடரில் நான் எழுதியவற்றில் எனக்குப் பிடித்த ஒரே சீன் அது. படப்பிடிப்பும் முடிந்துவிட்டது. ஒளிபரப்புக்கு முந்தின நாள் தொலைபேசி வந்தது. இடைவேளையில் வரும் விளம்பரங்களில் ஒன்று அந்த மாதிரிப் பொட்டலம். குழந்தை எதைத் தின்று விழுந்தது என்பதை எடுத்துவிடுங்கள் என்றார்கள். எடுத்தால் குழந்தை ஏன் விழுந்தது? திருஷ்டி என்று எழுதிக்கொடுத்தேன். பாட்டி மிளகாய் சுற்றிப் போட்டதும் குழந்தை எழுந்துவிட்டது. ரேட்டிங் ஏறியது!

செர்லிங்கின் குத்துச்சண்டை நாடகத்தில், தீப்பெட்டி இருக்கிறதா என்று ஒருவர் கேட்கும் வரியை நீக்கச் சொன்னார்களாம், விளம்பரதாரர் லைட்டர் கம்பெனி என்பதால். இன்னொரு நாடகத்தில் நியூயார்க் நகரத்துக் கட்டட வரிசையில் கிரைஸ்லர் கட்டடத்தை மட்டும் மறைத்தார்களாம், பணம் கொடுத்தது ஃபோர்டு. எங்கோ படித்தபோது மிகைப்படுத்துகிறார்கள் என்று நினைத்தேன். இப்போது அப்படி நினைக்கவில்லை.

மூன்றாம்வரிசை ஐயா, நீங்கள் சொன்னது எழுத்தைப் பற்றிச் சரியாக இருக்கலாம். ஆனால் அவருக்கு ஏன் பங்கு வேண்டியிருந்தது என்று என்னைக் கேளுங்கள். பணத்துக்கு மட்டும் இல்லை. கத்தரி யார் கையில் இருக்கிறது என்பதற்காக.

அலுவலகக்கைதி

வணக்கம், நான் புதியவன். மென்பொருள் நிறுவனத்தில் வேலை. ஆறு ஆண்டுகளாகத் திரைக்கதை எழுதிப் பெட்டியில் போட்டுக்கொண்டிருக்கிறேன். என் கேள்வி கொஞ்சம் கீழ்மட்டத்துக் கேள்வி. 30 வயதில் ‘பேட்டர்ன்ஸ்’ வந்தது சரி. அதுவரை இவர் சோற்றுக்கு என்ன செய்தார்? வேலையை எப்போது விட்டார்? வீட்டில் என்ன சொன்னார்கள்? இதையெல்லாம் யாரும் எழுதுவதே இல்லை.

கரிசல்வாசி

கீழ்மட்டத்துக் கேள்வி இல்லை தம்பி, இதுதான் முதல் கேள்வி.

நியூயார்க் மாநிலத்தில் பிங்காம்டன் என்ற சிற்றூரில் வளர்ந்தவர், அப்பா மளிகை, இறைச்சி வியாபாரம். பள்ளி முடித்த கையோடு ராணுவம், பாராசூட் படை. பிலிப்பைன்ஸில் லெய்ட்டே தீவில் சண்டை. அடிபட்டுத் திரும்பினார், கெட்ட கனவுகள் வாழ்நாள் முழுக்க விடவில்லை. போர்வீரர்களுக்கான அரசு உதவித்தொகையில் ஒஹையோவில் ஆன்டியோக் கல்லூரியில் படித்தார். அங்கேதான் வானொலிக்கு எழுதக் கற்றார், கேரலைச் சந்தித்து மணந்ததும் அங்கேதான்.

படிப்பு முடிந்ததும் சின்சினாட்டியில் டபிள்யூ.எல்.டபிள்யூ. வானொலியில் மாதச் சம்பளம். அங்கே எழுதியது நாடகம் இல்லை. உள்ளூர்ப் பிரமுகர் வாழ்த்து, ஊர்ப்பெருமை நிகழ்ச்சி, எல்லா நோயும் தீரும் என்ற ஒரு மருந்துக்கு, குணமானவர்கள் எழுதுவதுபோல் சாட்சிக் கடிதம். பகலில் இது. இரவில் சாப்பாட்டு மேசையில் தன் நாடகம். வரிசையாக ஏறக்குறைய 40 நிராகரிப்புகள் வந்ததாக அவரே எழுதியிருக்கிறார். உள்ளூர்த் தொலைக்காட்சியில் ‘தி ஸ்டார்ம்’ என்ற வாராந்திர நாடக வரிசைக்கு எழுதத் தொடங்கியது அப்போதுதான். கூலி குறைவு, ஆனால் வாரம் ஒரு நாடகம் திரையில் வந்தாக வேண்டும். பயிற்சிக்கூடம் என்றால் அதுதான்.

வேலையை விட்ட கதையையும் எழுதிவைத்திருக்கிறார். ஒரு நாள் இரவு கேரலோடு சாலையோர உணவகம் ஒன்றில் உட்கார்ந்து, இனி எழுத்து மட்டும்தான் என்று சொல்கிறார். கையில் பெரிதாக ஒன்றும் இல்லை. அந்த அம்மாள் தடுக்கவில்லை.

‘பேட்டர்ன்ஸ்’ அவருடைய முதல் நாடகம் இல்லை என்பதைக் கவனியுங்கள். எழுபது நாடகங்களுக்குமேல் விற்ற பிறகு வந்தது அது. ஒரே இரவில் புகழ் என்று எல்லாரும் எழுதினார்கள். அந்த ஒரு இரவுக்கு எத்தனை இரவு என்று யாரும் எண்ணவில்லை.

தாழம்பூ

கைதித் தம்பிக்கு ஒரு பின்குறிப்பு. ‘பேட்டர்ன்ஸ்’ வெற்றிக்குப் பிறகு தயாரிப்பாளர்கள் எல்லாரும் ஏதாவது கொடுங்கள் என்று வந்து நின்றார்கள். இவர் பழைய பெட்டியைத் திறந்து, முன்பு இதே ஆட்கள் திருப்பியனுப்பிய கதைகளை எல்லாம் விற்றார். காசு வந்தது. ஆனால் அந்தக் கதைகள் திருப்பியனுப்பப்பட்டதற்குக் காரணம் இருந்தது! ஒன்றன்பின் ஒன்றாகச் சப்பென்று போயின. இவரிடம் இருந்தது அந்த ஒரு நாடகம் மட்டும்தானோ என்று விமர்சகர்கள் எழுதத் தொடங்கிவிட்டார்கள். ‘ரெக்வியம்’ வந்துதான் மானம் காத்தது. பெட்டியில் இருப்பது எல்லாம் பொக்கிஷம் என்று நினைத்துக்கொள்ளாதீர்கள்.

அடுத்து வசனக்காரர் சொன்ன பங்கு விஷயம். நான் ஒப்பந்தங்கள் படித்துப் பிழைப்பவள், ஆகவே எனக்குக் கண் அங்கேதான் போகும். கத்தரி கையில் இருக்க வேண்டும் என்று பங்கு வாங்கினார், சரி. பிறகு அந்தப் பங்கை என்ன செய்தார்? தொடர் முடிந்ததும் அதை ஒளிபரப்பிய சி.பி.எஸ். தொலைக்காட்சியிடமே விற்றுவிட்டார். செலவுக்கணக்கைப் பார்த்தால் போட்ட பணமே திரும்பாது என்று நம்பவைக்கப்பட்டார். அதன்பிறகு அந்தத் தொடர் ஊர் ஊராக, நாடு நாடாக, தலைமுறை தலைமுறையாக ஓடிக்கொண்டிருக்கிறது. அந்த மறுஒளிபரப்பு லாபத்தில் அவருக்குப் பங்கு இல்லை. அவ்வளவு எச்சரிக்கையாகக் கத்தரியைப் பிடித்தவர் களஞ்சியச் சாவியைக் கொடுத்துவிட்டார்.

அந்தக் காலத்தில் மறுஒளிபரப்பு இப்படி ஊற்றெடுக்கும் என்று யாருக்குத் தெரியும் என்பீர்கள். சங்கத்துக்குத் தெரிந்திருந்தது. அமெரிக்க எழுத்தாளர் சங்கம் 1960 ஜனவரியில் வேலைநிறுத்தத்தில் இறங்கி ஜூன் வரை நின்றது. படம் தொலைக்காட்சிக்குப் போனால் எழுதியவருக்கும் பங்கு, ஓய்வூதியம், மருத்துவ நிதி எல்லாம் அதில் கிடைத்தவை. 2023-இல் 148 நாட்கள் மறுபடி வீதியில் நின்றதும் ஏறக்குறைய அதே வழக்குதான். அன்றைக்குத் தொலைக்காட்சி, இன்றைக்கு இணைய ஓடை (ஸ்ட்ரீமிங்).

வசனக்காரர்

எங்களுக்குப் பங்கா? எபிசோடுக்கு இவ்வளவு என்று கூலி. அதுவும் தொண்ணூறு நாள் கழித்து.

தாழம்பூ

2012-இல் நம் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தினார்கள் ஐயா. படத்துக்காக எழுதிக்கொடுத்தது திரையரங்குக்கு வெளியே பயன்படும்போது வரும் உரிமைத்தொகையில் எழுதியவருக்குச் சமபங்கு உண்டு. அதை நீங்களே விரும்பினாலும் தயாரிப்பாளருக்கு எழுதிக்கொடுக்க முடியாது, வாரிசுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோதான் போகும். சட்டம் புத்தகத்தில் அழகாக இருக்கிறது.

வசனக்காரர்

புத்தகத்தில் இருக்கட்டும் அம்மா. அதை ஒப்பந்த மேசையில் எடுத்து வாசிக்கிறவனுக்கு அடுத்த தொடர் கிடைக்காது.

கண்டிச்சாலை

நான் இலங்கையிலிருந்து எழுதுகிறேன். உங்கள் இழையில் எங்கள் ஊர் ஒன்று ஒளிந்திருக்கிறது, அதைச் சொல்லிவிட்டுப் போகிறேன்.

செர்லிங்கின் திரைப்படங்கள் என்றால் இரண்டு பெயர் முன்னால் வரும். 1964-இன் ‘செவன் டேஸ் இன் மே’, அமெரிக்காவில் ராணுவச் சதி நடந்தால் என்னவாகும் என்ற கதை. இன்னொன்று 1968-இன் ‘பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்’. குரங்குப் படத்தின் மூலநாவல் பிரெஞ்சுக்காரர் பியர் பூல் எழுதியது. செர்லிங் பல பிரதிகள் எழுதினார். அவருடைய குரங்குகள் கார் ஓட்டும், நகரத்தில் மாடிக் கட்டடங்களில் வாழும். அதைக் கட்டிப் படமெடுக்கப் பணம் போதாது என்று, கதையைக் குகை வீடும் குதிரையும் உள்ள காலத்துக்கு இறக்க மைக்கேல் வில்சன் என்ற இன்னொரு எழுத்தாளரைக் கொண்டுவந்தார்கள். படத்தில் இரண்டு பெயரும் இருக்கும்.

இந்தப் பூலும் இந்த வில்சனும் முன்பே ஒருமுறை ஒரே படத்தில் சேர்ந்தவர்கள். ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் க்வாய்’. எங்கள் கித்துல்கலவில் களனி ஆற்றங்கரையில் எடுத்தது. அந்தப் பாலம் நின்ற இடத்தைக் காட்ட இன்றைக்கும் வழிகாட்டிகள் காத்திருப்பார்கள். அப்பா என்னைச் சிறுவயதில் கூட்டிப்போய், இங்கேதான் இரயிலை ஆற்றில் தள்ளினார்கள் என்று காட்டியபோது, அந்தக் காட்சியை எழுதியவர் யார் என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை.

எழுதியவர்கள் கார்ல் ஃபோர்மனும் மைக்கேல் வில்சனும். இருவரும் கம்யூனிஸ்ட் என்று முத்திரை குத்தப்பட்டு ஹாலிவுட்டின் கறுப்புப் பட்டியலில் இருந்தவர்கள், ஆகவே பெயர் போடவில்லை. சிறந்த தழுவல் திரைக்கதைக்கான ஆஸ்கர் நாவலாசிரியர் பூலுக்குப் போனது. அவருக்கு ஆங்கிலமே சரியாக வராது! உண்மையாக எழுதிய இருவருக்கும் அந்த விருதைக் கொடுத்தபோது இருவருமே உயிரோடு இல்லை.

கரிசல்வாசி அண்ணா, விளம்பரதாரர் வரி வெட்டினார் என்று செர்லிங் கோபப்பட்டார். நியாயம்தான். வில்சனுக்கு ஆளையே வெட்டிவிட்டார்கள்.

மூன்றாம்வரிசை

கண்டிச்சாலை, அருமையான தகவல். கித்துல்கல வழியாக ஒருமுறை பஸ்ஸில் போயிருக்கிறேன், தெரியாமல் தூங்கிவிட்டேன்.

நீங்கள் குரங்குப் படத்தைத் தொட்டதால் கேட்கிறேன். அந்த முடிவு யாருடையது? கடற்கரை மணலில் பாதி புதைந்த சுதந்திர தேவி சிலை. பூலின் நாவலில் அது இல்லை. செர்லிங் ரசிகர்கள் கண்ணை மூடிக்கொண்டு அவருடையது என்பார்கள், அவருடைய பிரதியில் இருப்பதும் உண்மை. ஆனால் தயாரிப்பாளர் ஆர்தர் ஜேக்கப்ஸ், ஒரு சாப்பாட்டுக் கடையில் உட்கார்ந்திருக்கும்போது சுவரில் சிலையின் படத்தைப் பார்த்துத் தனக்குத் தோன்றியது என்று சொல்லியிருக்கிறார்.

கரிசல்வாசி

யாருக்குத் தோன்றியது என்பதில் தகராறு இருக்கலாம். ‘ட்வைலைட் சோன்’ பார்த்தவனுக்கு அந்த முடிவின் கைரேகை தெரியும். நாம் போன அந்நிய இடம் நம் வீடேதான் என்பது அவர் ஐந்து ஆண்டுகளாகத் திருப்பித் திருப்பிச் சொன்னது.

இதையே என் முதல் கேள்விக்கும் பதிலாக வைக்கிறேன், யோசித்துப் பார்த்ததில் எனக்கே கொஞ்சம் தெளிந்திருக்கிறது. 1956-இல் ‘தி அரீனா’ என்று ஒரு நாடகம் எழுதினார், களம் அமெரிக்க செனட். ஆனால் அன்றைக்கு நாட்டில் சர்ச்சையாக இருந்த எந்தப் பிரச்சினையைப் பற்றியும் பாத்திரங்கள் வாய்திறக்கக் கூடாது. செனட்டர்கள் எதைப்பற்றி என்றே தெரியாமல் கத்திக்கொள்கிறார்கள். அதை நினைத்து மறு ஆண்டு எழுதும்போது, கதையை 2057-க்குக் கொண்டுபோய் செனட் முழுக்க ரோபோக்களை உட்காரவைத்திருந்தால் சொல்லவேண்டியதைச் சொல்லியிருக்கலாம் என்று அங்கலாய்க்கிறார். இது தொடர் தொடங்குவதற்கு இரண்டு ஆண்டு முந்தி. ஆகவே பின்னால் வந்த ரசிகர்கள் கட்டிய கதை இல்லை ஐயா, திட்டமாக இல்லாவிட்டாலும் யோசனை முன்பே இருந்திருக்கிறது.

1960-இல் ‘தி மான்ஸ்டர்ஸ் ஆர் டியூ ஆன் மேப்பிள் ஸ்ட்ரீட்’. ஒரு தெருவில் மின்சாரம் போகிறது. நம்மில் ஒருவன் வேற்றுக்கிரகத்து ஆள் என்று ஒரு சிறுவன் கதை சொல்கிறான். இரவுக்குள் அண்டைவீட்டுக்காரர்கள் ஒருவரையொருவர் வேட்டையாடுகிறார்கள். கும்பல் சேர்ந்து கொல்வதைப் பற்றித்தான் 1956-இலும் 1958-இலும் அவர் எழுதப்போனார். அப்போது ஊரைப் பெயர்த்தார்கள், ஆளை மாற்றினார்கள். இதில் அப்படி எதையும் யாரும் தொட்டதாகத் தெரியவில்லை. வேற்றுக்கிரகவாசி வந்தால் பொருள் விற்பனை குறையாது என்று நினைத்திருப்பார்கள்.

மூன்றாம்வரிசை

அந்த எபிசோடு நல்ல எபிசோடு, மறுக்கவில்லை. ஆனால் உங்கள் வாதத்தில் ஒரு ஓட்டை இருக்கிறது. விளம்பரதாரர் தொடவில்லை, சரி. பார்த்தவர்கள் தொட்டார்களா? வேற்றுக்கிரகவாசி வேஷம் விளம்பரதாரரை ஏமாற்றியது என்றால் மிசிசிப்பிக்காரரையும் ஏமாற்றியிருக்கும். அவரும் சோபாவில் உட்கார்ந்து ரசித்துவிட்டு, அந்தத் தெருக்காரர்கள் எவ்வளவு மோசம் என்று சொல்லிவிட்டுத் தூங்கப்போயிருப்பார். எம்மெட் டில் பெயர் எங்கே போயிற்று? உருவகம் எல்லாரையும் சுடும் என்பார்கள், யாரையும் சுடாமலும் போகலாம்.

கரிசல்வாசி

இதற்கு என்னிடம் பதில் இல்லை. சத்தியமாக இல்லை. அந்தப் பெயர் நாடகத்தில் வந்திருந்தால் நாடகமே வந்திருக்காது என்பது மட்டும்தான் தெரியும்.

வசனக்காரர்

அவருடைய கடைசி ஆண்டுகளைப் பற்றி யாரும் பேசவில்லை. எனக்கு அதுதான் நெருக்கமாக இருக்கிறது.

‘நைட் கேலரி’ என்று என்.பி.சி.யில் ஒரு தொடர். 1969-இல் வந்த அதன் முன்னோட்டப் படத்தில் ஒரு கதையை இயக்கியது 22 வயது ஸ்டீவன் ஸ்பீல்பெர்க். நடித்தது ஜோன் க்ராஃபர்ட். தொடக்கம் பிரமாதம். ஆனால் இந்தமுறை கத்தரி செர்லிங் கையில் இல்லை. சலித்துப்போயிருந்தார், நிர்வாகம் வேண்டாம், எழுதித்தருகிறேன், முன்னால் நின்று அறிமுகம் செய்கிறேன் என்று ஒப்புக்கொண்டார். விளைவு, அவர் எழுதியதைத் திருப்பியனுப்பினார்கள், நடுவில் துணுக்கு நகைச்சுவைகளைச் செருகினார்கள். பார்ப்பவர்களுக்கு அது செர்லிங்கின் தொடர், முகம் அவருடையதுதானே. உள்ளே அவருக்கு ஒரு வாக்குகூட இல்லை. அதே காலத்தில் பீர் விளம்பரத்துக்கும் குரல் கொடுத்தார். விளம்பரதாரரோடு மல்லுக்கட்டியவர்!

நான் குறைசொல்லவில்லை. எனக்குத் தெரியும் அந்தச் சலிப்பு. நாற்பது வயதில் ஒரு வரிக்காகச் சண்டை போடுவோம். நாற்பத்தைந்தில், அட, எடுத்துக்கொள் என்று விட்டுவிடுவோம்.

அந்த ஆண்டுகளிலேயே இத்தாக்கா கல்லூரியில் மாணவர்களுக்கு எழுத்துப் பாடம் எடுத்துக்கொண்டிருந்தார். புகையை மட்டும் விடவில்லை. 1975 ஜூன் 28 அன்று, இதய அறுவைச் சிகிச்சைக்குப் பின், ரோச்செஸ்டர் மருத்துவமனையில் இறந்தார். வயது 50. எனக்கு இப்போது 47.

அலுவலகக்கைதி

ஐயா, உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

நான் வேலையை இப்போதைக்கு விடவில்லை. கரிசல்வாசி அண்ணா சொன்ன அந்த வாராந்திர நாடகம் மாதிரி, வாரம் ஒன்று எழுதி முடித்தே ஆகவேண்டிய இடம் ஏதாவது இருக்கிறதா என்று தேடப்போகிறேன். பெட்டியைத் திறந்தும் பார்த்தேன். தாழம்பூ அக்கா சொன்னது சரிதான், நான்கு கதைகளை நானே திருப்பியனுப்பிவிட்டேன்.

தாழம்பூ

நான்குதானா? இன்னொருமுறை படித்துப்பாருங்கள்.

வசனக்காரர்

பத்து நாள் கழித்து வருகிறேன். இழை மூடியிருக்காது என்று நம்பினேன்.

போன வாரம் ஒரு சோதனை செய்துபார்த்தேன். இப்போது எழுதும் தொடரிலும் ஒரு குழந்தை இருக்கிறது. அந்தப் பழைய பொட்டலத்தை மறுபடி எடுத்தேன், இந்தமுறை நேராக எடுக்கவில்லை. இரவில் பாட்டி குழந்தைக்குக் கதை சொல்கிறாள். ஒரு காட்டில் ஒரு பூதம். அது யாரையும் அடிக்காது, கடிக்காது. பளபளவென்று தாள் சட்டை போட்டுக்கொண்டு மரத்தில் சரம் சரமாகத் தொங்கும். பிள்ளைகள் பிரித்துத் தின்றால் நாக்குக்குச் சுகமாக இருக்கும். தின்னத் தின்ன உள்ளே போய் உட்கார்ந்துகொண்டு வயிற்றைத் தின்னும். குழந்தை கேட்கிறது, அந்தப் பூதம் எங்கே பாட்டி இருக்கிறது? பாட்டி விளக்கை அணைக்கிறாள், சீன் முடிந்தது.

நிர்வாகத் தயாரிப்பாளர் படித்தார். குழந்தைக்குப் பாட்டி கதை சொல்வது குடும்பப் பாங்காக இருக்கிறது, இன்னும் ஒரு பக்கம் நீட்டுங்கள் என்றார். நேற்றுப் படப்பிடிப்பும் முடிந்தது. யாரும் தொலைபேசியில் அழைக்கவில்லை.

மூன்றாம்வரிசை ஐயா, உங்கள் கேள்வி என் தலையில் இருந்துகொண்டேதான் எழுதினேன். பார்ப்பவர்களுக்குப் புரியுமா, தெரியாது. வியாழக்கிழமை இரவு ஒளிபரப்பு. பாட்டி விளக்கை அணைத்ததும் இடைவேளை. முதலில் என்ன விளம்பரம் வருகிறது என்று பார்த்துக்கொண்டிருப்பேன்.